புல்தரைப் பூஞ்சாணம்: எந்த வானிலையில் மருந்தடிப்பது? கொங்குப் பக்கத்து லான்களுக்கான கேள்வி பதில்

ஐப்பசி பிறந்துவிட்டால் எனக்கு வரும் போன்களில் பாதி ஒரே விசயம்தான். "ஏனுங்கண்ணா, லான் வட்டம் வட்டமாக் காயுதுங்க, என்ன மருந்து அடிக்கட்டும்?" கோவையைச் சுற்றி வீடுகளுக்கும் கல்யாண மண்டபங்களுக்கும் புல் பதித்துப் பராமரிக்கிற வேலை என்னுடையது. மருந்துப் பெயரை மட்டும் சொல்லிவிட்டு போனை வைக்க மனசு வருவதில்லை. அதே மருந்து சரியான நாள் பார்த்து அடித்தவருக்குக் கேட்கிறது, மூட்டமான நாளில் பொழுதோட அவசரமாக அடித்தவருக்குக் கேட்பதில்லை. பாட்டிலைத் தேடும் முன்னால் வானத்தையும் புல்லையும் பார்க்கப் பழகிவிட்டால் பாதி வருசம் மருந்தே வேண்டியிருக்காது. திரும்பத் திரும்பக் கேட்கப்படுகிற கேள்விகளை இங்கே எழுதி வைக்கிறேன்.

லான் காய்கிறது. பூஞ்சாணம்தான் என்று எப்படித் தெரிந்துகொள்வது?

இதைத்தான் முதலில் கேட்க வேண்டும், ஆனால் பெரும்பாலானவர்கள் மருந்து வாங்கி வந்த பிறகுதான் கேட்கிறார்கள்.

விடியால, வெயில் ஏறுவதற்கு முன், வாசலில் கோலம் போடுகிற நேரத்துக்கு லானில் போய் நில்லுங்கள். காய்ந்த இடத்தின் நடுவைப் பார்க்காதீர்கள், அங்கே எல்லாம் செத்துப்போய் இருக்கும். பச்சையும் காய்ந்ததும் சேருகிற விளிம்பைப் பாருங்கள். பனியோடு சேர்ந்து பஞ்சு மாதிரி, நூலாம்படை மாதிரி வெள்ளையாக ஏதாவது புல் மேல் படர்ந்திருந்தால் அது பூஞ்சாண இழை. சிலந்தி வலையும் அந்த நேரத்தில் அப்படித்தான் தெரியும். வலை ஒரே தட்டாகப் புல்லுக்கு மேலே விரித்த மாதிரி இருக்கும், பூஞ்சாண இழை இலைக்கு இலை சுற்றிக்கொண்டு உள்ளே இறங்கியிருக்கும். பனி காய்ந்துவிட்டால் இழை கண்ணுக்குத் தெரியாது. அதனால் 10 மணிக்கு மேல் எடுத்து அனுப்புகிற போட்டோவை வைத்து யாராலும் உறுதியாகச் சொல்ல முடியாது.

அடுத்து, விளிம்பில் இருக்கிற ஒரு புல்லைப் பிடித்து மெதுவாக இழுங்கள். இலை அடியில் அழுகி லேசாகக் கையோடு வந்து, வேர் மண்ணிலேயே நின்றால் அது ரைசோக்டோனியா என்கிற பூஞ்சாணத்தின் வேலை. நெல்லில் இலையுறை கருகல் வருவதும் இதே இனத்தால்தான், கோபி பக்கம் வயல் வைத்திருப்பவர்களுக்குப் புதிதாகச் சொல்ல வேண்டியதில்லை. அப்படி இல்லாமல் புல் பாய் சுருட்டுகிற மாதிரி வேரோடு தூக்கிக்கொண்டு வந்தால் அடியில் வெள்ளைப் புழு வேரைத் தின்றுவிட்டது என்று அர்த்தம், அதற்குப் பூஞ்சாண மருந்து அடித்துப் பிரயோசனம் இல்லை. நடுவில் செத்து, சுற்றிலும் கரும்பச்சையாக ஒரு வளையம் நின்றால் வீட்டு நாய் சிறுநீர் கழிக்கிற இடமாக இருக்கும். நடந்தால் கால் தடம் அப்படியே பதிந்து நிமிராமல் கிடந்தால் தண்ணீர் பற்றவில்லை. புது இலை மஞ்சளடித்து, நரம்பு மட்டும் பச்சையாக இருந்தால் சுண்ணாம்பு மிகுந்த மண்ணில் வருகிற இரும்புச் சத்துக் குறை, நம் பக்கத்து மண்ணில் இது சகஜம்.

இன்னும் சந்தேகமாக இருந்தால் விளிம்புப் புல்லில் ஒரு பிடி பிடுங்கி, ஈரத் துணியோடு ஒரு பிளாஸ்டிக் கவரில் போட்டுக் கட்டி ஒரு ராத்திரி நிழலில் வையுங்கள். நோய் உயிரோடு இருந்தால் காலையில் பெரும்பாலும் பஞ்சு கட்டியிருக்கும்.

மழை பெய்வதால்தான் பூஞ்சாணம் வருகிறதா?

மழையைவிட, இலை எத்தனை மணி நேரம் தொடர்ந்து ஈரமாக இருக்கிறது என்பதுதான் கணக்கு. பூஞ்சாண வித்து எப்போதும் லானில் இருக்கிறது. மண்ணிலும், புல்லுக்கு அடியில் சேருகிற காய்ந்த சருகுப் படுகையிலும் காத்துக்கொண்டே இருக்கும். இலை மேல் ஈரம் நின்று, அதற்கேற்ற சூடும் இருந்தால்தான் அது முளைத்து உள்ளே புக முடியும். மத்தியானம் ஒரு மணி நேரம் கொட்டித் தீர்த்துவிட்டு உடனே வெயில் அடித்தால் இலை காய்ந்துவிடும், நோய்க்கு நேரம் கிடைக்காது. சொட்டு மழையே இல்லாத மார்கழியில் ராத்திரி முழுக்கப் பனி நின்றால் 12 மணி நேரம் ஈரம் கிடைத்துவிடுகிறது. பொங்கலுக்கு முன்னால் மழையில்லாத நாளில் நோய் பரவுவதைப் பார்த்துப் பலரும் குழம்புவது இதனால்தான்.

காலையில் புல் நுனியில் முத்து முத்தாக நிற்பது எல்லாமே பனி இல்லை. ஒரு பகுதி, புல்லே ராத்திரியில் தன் நுனி வழியாக வெளியே தள்ளுகிற நீர். அதில் சர்க்கரைச் சத்தும் கலந்திருக்கும், பூஞ்சாணத்துக்கு அது தீனி. அதைத் தட்டிவிடுவது எளிது. தண்ணீர் விடுகிற ஓஸை இரண்டு பேர் ஆளுக்கொரு முனை பிடித்து லான் மேல் இழுத்துக்கொண்டு போனாலே போதும். ஆள் இல்லையென்றால் ஒரு நீள மூங்கிலால் மேலாகத் தடவிவிடுங்கள். கோல்ஃப் மைதானங்களில் தினமும் காலையில் இதைச் செய்கிறார்கள். பனிக்காலத்தில் நான் பராமரிக்கிற வீடுகளில் காவலுக்கு இருக்கும் பெரியவர்களிடம் கெஞ்சிக் கேட்டுக்கொள்வது இந்த ஒரு வேலையைத்தான்.

நம் பக்கத்தில் எந்த மாதத்தில் என்ன நோய் வரும்?

சித்திரை, வைகாசியில் லான் காய்ந்தால் 10ல் 8 தடவை அது தண்ணீர்க் குறைதான். அதற்காகப் பயந்து காலை மாலை இரண்டு வேளையும் நிறைய தண்ணீர் விட்டு ஊறவைத்தால் பித்தியம் என்ற அழுகல் வந்துவிடும். பகல் 30 டிகிரிக்கு மேலே, ராத்திரியும் 20க்குக் கீழே இறங்காமல் புழுக்கமாக இருந்து, புல்லும் நனைந்தே கிடந்தால் பித்தியத்துக்குக் கொண்டாட்டம். புல் எண்ணெய் தடவின மாதிரி வழவழப்பாகிக் கருத்துப் படிந்துவிடும், ஒரே ராத்திரியில் பரவும், தண்ணீர் ஓடின தடத்திலேயே கோடாகப் போகும். ஈரோட்டு மஞ்சளில் கிழங்கு அழுகல் வருவதும் பித்தியம் இனத்தால்தான். மண்டபத்து லானில் இதை அதிகம் பார்க்கிறேன். முந்தின நாள் தண்ணீர் பாய்ச்சி, அதன் மேல் கம்பளமும் விரித்து, ஆயிரம் பேர் நடந்தால் அடியில் வெக்கையும் ஈரமும் சேர்ந்து புல் வெந்துவிடுகிறது.

ஆனி, ஆடியில் நம் பகுதியே இரண்டாகப் பிரிந்துவிடும். பாலக்காட்டுக் கணவாய் வழியாக வருகிற காத்தும் சாரலும் பொள்ளாச்சி, கோவை மேற்குப் பகுதி வரை நனைக்கும். பல்லடம், காங்கேயம், கரூர் போகப் போக வெறும் காத்துதான், மண் காய்ந்துவிடும். அதனால் வடவள்ளியில் இருப்பவருக்குச் சொல்கிற யோசனை காங்கேயத்தில் இருப்பவருக்குப் பொருந்தாது. கிழக்கே அந்தச் சமயத்தில் பூஞ்சாண மருந்து வாங்கவே வேண்டியதில்லை.

ஐப்பசி, கார்த்திகைதான் முக்கியமான காலம். வடகிழக்குப் பருவமழை, மூட்டம், வெயில் தலைகாட்டாத நாலைந்து நாள். ரைசோக்டோனியாவின் பெரிய வட்டங்கள் அப்போதுதான் வரும், ஒரு அடியில் தொடங்கிப் பல அடி வரை விரியும், விளிம்பு ஆரஞ்சு அல்லது செம்பழுப்பாகத் தெரியும். லான்களில் அடர்த்தியாகப் பதிக்கிற கொரியன் புல் வகையில் இது அதிகம். இலைப்புள்ளியும் இதே சமயத்தில் வரும்.

மார்கழி, தையில் பனி. பகலில் 29, 30 டிகிரி, விடியால 18, 19. காசு அளவுக்குச் சின்னச் சின்னதாக வெளுத்த புள்ளிகள் லான் முழுக்கத் தெறித்த மாதிரி வந்தால் அதை டாலர் ஸ்பாட் என்பார்கள். ஒரு இலையை எடுத்துப் பார்த்தால் நடுவில் வெளுத்து, இரண்டு பக்கமும் பழுப்புக் கரை கட்டியிருக்கும். நிழலில் இருக்கிற கொரியன் புல்லில் துரு நோயும் வரும். வெள்ளை வேட்டியோடு நடந்தால் கரையில் ஆரஞ்சுப் பொடி ஒட்டுவதை வைத்தே கண்டுபிடித்துவிடலாம்.

வேலைக்குப் போய்விட்டு வந்து பொழுதோடதான் தண்ணீர் விட முடிகிறது. அதில் என்ன தப்பு?

சாயங்காலம் 6 மணிக்கு நனைத்த புல் அதற்கு மேல் காயாது, பனியும் சேர்ந்து மறுநாள் 9 மணி வரை ஈரமாகவே நிற்கும். 15 மணி நேரம். அதே தண்ணீரை விடியால 5 மணிக்கு விட்டால், ஏற்கெனவே பனியில் நனைந்திருக்கிற இலையைத்தான் நனைக்கிறீர்கள், வெயில் ஏறினதும் எல்லாம் சேர்ந்து காய்ந்துவிடும். செலவு ஒன்றுதான், நோய்க்குக் கிடைக்கிற நேரம்தான் வேறு. காலையில் எழ முடியாதவர்கள் குழாயில் ஒரு டைமர் மாட்டிக்கொள்ளுங்கள், மருந்துக்கு ஆகிற செலவோடு பார்த்தால் அது பெரிய பணம் இல்லை.

தினமும் மேலாகத் தெளிப்பதும் வேண்டாம். இரண்டு நாள் விட்டு, செம்மண்ணாக இருந்தால் ஒரு நாள் விட்டு, நாலு விரற்கடை ஆழம் நனைகிற மாதிரி விடுங்கள். கரிசல் மண்ணில் இன்னும் இடைவெளி கொடுக்கலாம், அது தண்ணீரைப் பிடித்து வைத்துக்கொள்ளும். மழைக்காலத்தில் டைமரை நிறுத்த மறந்துவிடுவதுதான் நான் அதிகம் பார்க்கிற தவறு. வெளியே மழை பெய்கிறது, உள்ளே ஸ்பிரிங்க்ளரும் சுற்றுகிறது.

மருந்தடிக்க நல்ல நாள் எப்படி இருக்க வேண்டும்?

முந்தின நாள் ராத்திரியே வானிலை பார்த்துவிடுங்கள். இந்திய வானிலை ஆய்வுத் துறை 2019ல் கொண்டுவந்த மேகதூத் செயலியில் மாவட்டவாரியாகத் தமிழிலேயே முன்னறிவிப்பு வருகிறது, செவ்வாய், வெள்ளிக் கிழமைகளில் விவசாய ஆலோசனையும் வரும். அது பயிர்களுக்கானதுதான், ஆனால் மழை எப்போது, காத்து எவ்வளவு என்பது லானுக்கும் பொதுதானே.

எனக்குப் பிடித்த நேரம் காலை 8 முதல் 10 வரை. பனி காய்ந்திருக்க வேண்டும். இலை சொட்டச் சொட்ட இருக்கும்போது அடித்தால் மருந்து நீர்த்து வழிந்துவிடும். அடித்தபின் குறைந்தது 4 மணி நேரம் மழை வராது என்ற நம்பிக்கை வேண்டும், மேலே படிந்து காக்கிற மான்கோசெப் மாதிரி மருந்தென்றால் அன்று முழுக்க மழை இல்லாமல் இருந்தால் நல்லது. வெயில் 30 டிகிரியைத் தாண்டிவிட்டால் நிறுத்திவிடுங்கள், எண்ணெய்க் கலவையாக வருகிற மருந்துகள் சூட்டில் இலையைக் கருக்கும். காய்ந்து வாடியிருக்கிற புல்லுக்கும் அடிக்கக்கூடாது, முந்தின நாள் காலையில் தண்ணீர் விட்டுத் தெம்பாக்கிவிட்டு அடியுங்கள்.

அடிப்பதற்கு முன் புல்லை வெட்டிவிடலாம், அடித்த பிறகு ஒரு நாளாவது வெட்டாமல் விட வேண்டும். இல்லையென்றால் மருந்து குடித்த இலையை வெட்டி வெளியே எறிந்த மாதிரி ஆகிவிடும்.

சாயங்காலம் அடிக்கலாமா என்று கேட்பார்கள். கோடையில் 4 மணிக்கு மேல் சூடு தணிந்திருந்தால் அடிக்கலாம், இருட்டுவதற்குள் இலை காய்கிற மாதிரி பார்த்துக்கொள்ளுங்கள். ஐப்பசியில் வேண்டாம், நம் பக்கம் அந்த மாதத்தில் மழை பெரும்பாலும் பொழுது சாய்கிற நேரத்தில்தான் கட்டிக்கொண்டு வருகிறது. நான் இந்த வேலைக்கு வந்த புதிதில் துடியலூர் பக்கம் ஒரு வீட்டில் சாயங்காலம் 5 மணிக்கு அடித்து முடித்தேன். ஆறரைக்கு இடியோடு மழை. மருந்து முழுக்கத் தெருச் சாக்கடைக்குப் போனது. அந்த வீட்டு அம்மா காசைப் பற்றி ஒரு வார்த்தை சொல்லவில்லை, ஆனால் அந்த மருந்து போய்ச் சேர்ந்த இடத்தை நினைத்து எனக்குப் பல நாள் மனசு கேட்கவில்லை.

ஆடிக் காத்தில் எப்படி அடிப்பது?

முடிந்தால் அடிக்காதீர்கள். மரக்கிளை ஆடுகிற காத்தில் அடித்தால் மருந்து பக்கத்து வீட்டுக் கறிவேப்பிலைக்கும் துணி காய்கிற கொடிக்கும்தான் போகும். இலை மட்டும் லேசாக அசைகிற அளவு காத்து இருந்தால் போதும். காத்தே இல்லாமல் அசைவற்று இருக்கிற விடியல் நேரமும் நல்லதல்ல, பொடித் துளி கீழே படியாமல் மிதந்துகொண்டே நகரும். கட்டாயம் அடித்தே ஆகவேண்டும் என்றால் பெரிய துளி விழுகிற நாசிலை மாட்டி, புல்லுக்கு ஒரு அடி உயரத்திலேயே பிடித்து, காத்து உங்கள் முதுகுக்கோ பக்கவாட்டிலோ இருக்கிற மாதிரி நடந்து அடியுங்கள்.

அடித்து முடித்தபின் மழை வந்துவிட்டது. திரும்ப அடிக்க வேண்டுமா?

உள்ளே ஊடுருவுகிற மருந்து (புரோப்பிகொனசோல், ஹெக்சகொனசோல், அசாக்சிஸ்ட்ரோபின் மாதிரி) அடித்து இலை நன்றாகக் காய்ந்து, 2 மணி நேரம் கழித்து மழை வந்திருந்தால் விட்டுவிடலாம். அரை மணியிலேயே கொட்டிவிட்டது என்றால் பெரும்பகுதி போய்விட்டது. அப்போதும் மறுநாளே அவசரப்பட வேண்டாம், வட்டம் விரிகிறதா என்று 3, 4 நாள் பார்த்துவிட்டு முடிவு செய்யுங்கள். மேலே படிகிற மருந்துக்கு நான் வைத்திருக்கிற கணக்கு, 25 மில்லிமீட்டர் மழை பெய்தால் பாதி கழுவிப்போகும், 50 பெய்தால் மறுபடி அடிக்க வேண்டும். மழை எவ்வளவு என்று தெரிய வாசலில் நேர்ச் சுவராக இருக்கிற ஒரு டப்பாவை வைத்து ஸ்கேல் விட்டு அளந்தாலே போதும்.

எந்த மருந்து?

கடையில் பிராண்டு பெயர் நூறு இருக்கும், நீங்கள் அட்டையில் சின்ன எழுத்தில் இருக்கிற மருந்துப் பெயரைப் படியுங்கள். ரைசோக்டோனியா வட்டம், டாலர் ஸ்பாட், துரு மூன்றுக்கும் புரோப்பிகொனசோல் 25 ஈசி (25 சதவீத எண்ணெய்க் கலவை) லிட்டருக்கு 1 மில்லி. ரைசோக்டோனியாவுக்கும் துருவுக்கும் அசாக்சிஸ்ட்ரோபின் 23 எஸ்சி (23 சதவீத நீர்மக் கலவை) லிட்டருக்கு 1 மில்லியும் ஆகும், டாலர் ஸ்பாட்டுக்கு அது கேட்காது. இலைப்புள்ளிக்கு மான்கோசெப் 75 சதவீதப் பொடி லிட்டருக்கு 2 கிராம், அல்லது கார்பன்டசிமும் மான்கோசெப்பும் கலந்து வருகிற சாஃப் 2 கிராம். அட்டையில் அளவு வேறாக இருந்தால் அட்டையில் உள்ளதையே எடுத்துக்கொள்ளுங்கள்.

பித்தியத்துக்கு இவற்றை நம்பக்கூடாது, இதை அழுத்திச் சொல்ல வேண்டும். பித்தியம் உண்மையில் பூஞ்சாணமே இல்லை, பாசிகளுக்கு நெருங்கின வேறு இனம். கார்பன்டசிம் எவ்வளவு அடித்தாலும் அது அசையாது. மெட்டலாக்சில் கலந்த மருந்து, லிட்டருக்கு 2 கிராம், அதோடு தண்ணீரை உடனே நிறுத்துவது. எண்ணெய் தடவின மாதிரி கருத்திருக்கிறதா, வெளுத்துக் காய்ந்திருக்கிறதா என்று முதலில் பார்க்கச் சொல்வது இதற்காகத்தான்.

ஒரே மருந்தைத் தொடர்ந்து அடித்தால் பூஞ்சாணம் பழகிவிடும். ஆனால் பாட்டில் மாறினால் மட்டும் மருந்து மாறியதாக ஆகாது. புரோப்பிகொனசோல், ஹெக்சகொனசோல், டெபுகொனசோல் எல்லாம் ஒரே குடும்பம், பெயர் '-கொனசோல்' என்று முடிகிறதைப் பாருங்கள். '-ஸ்ட்ரோபின்' என்று முடிவது இன்னொரு குடும்பம். ஒரு தடவை இது, அடுத்த தடவை அது. இரண்டுக்கும் நடுவில் 2 முதல் 3 வாரம் இடைவெளி.

கையுறை, முகக்கவசம், முழுக்கை சட்டை கட்டாயம். பாட்டிலில் இருக்கிற முக்கோணத்தின் நிறம் விஷத்தின் அளவைக் காட்டுகிறது: சிவப்பு மிகக் கடுமை, அப்புறம் மஞ்சள், நீலம், பச்சை. குளிர்பானப் பாட்டிலில் மிச்ச மருந்தை ஊற்றி வைக்கிற பழக்கத்தை மட்டும் தயவுசெய்து விட்டுவிடுங்கள், வீட்டில் குழந்தைகள் இருக்கிறார்கள்.

3 சென்ட் லானுக்கு எவ்வளவு தண்ணீர் கலக்க வேண்டும்?

10 லிட்டர் ஒரு டேங்க். ஒரு சென்ட் 435 சதுர அடி, சென்ட்டுக்கு 3 லிட்டருக்குக் கொஞ்சம் கூட வரும். இலையில் வருகிற நோய்க்கு இது போதும், அடித்துவிட்டு இலையிலேயே காய விடுங்கள். அடியில் அழுகுகிற ரைசோக்டோனியாவுக்கு மருந்து புல்லின் கழுத்து வரை இறங்க வேண்டும். அதற்காக மருந்தைக் கூட்டாதீர்கள், அடித்த கையோடு இன்னொரு 10 லிட்டர் வெறும் தண்ணீரை அதே இடத்தில் அடித்துவிட்டால் இறங்கிவிடும். பொடி மருந்தை முதலில் ஒரு சொம்புத் தண்ணீரில் கட்டியில்லாமல் கரைத்துவிட்டு டேங்கில் ஊற்றுங்கள். கலந்ததை அன்றே முடித்துவிட வேண்டும், மறுநாளைக்கு வைக்கக்கூடாது.

யூரியா போட்டால் பச்சையாகிவிடுமா?

எந்த நோய் என்பதைப் பொறுத்தது, இங்கேதான் நிறையப் பேர் நல்லது செய்கிறோம் என்று நினைத்துக் கெடுத்துக்கொள்கிறார்கள். டாலர் ஸ்பாட்டும் துருவும் தழைச்சத்துக் குறைந்து மெலிந்த புல்லில் வருவது. அதற்குக் கொஞ்சம் யூரியா கொடுத்தால் புது இலை வேகமாக வந்து, வெட்டி எடுக்க எடுக்கவே நோய் போய்விடும், பல சமயம் மருந்தே வேண்டாம். ரைசோக்டோனியாவுக்கும் பித்தியத்துக்கும் அப்படியே தலைகீழ். யூரியா குடித்துக் கொழுகொழுவென்று வளர்ந்த இளம் இலைதான் அவற்றுக்குப் பிடித்த சாப்பாடு. ஐப்பசி மழைக்கு நடுவில் வட்டம் விரிகிற லானில் யூரியா தூவினால் ஒரே வாரத்தில் வட்டம் இரண்டு மடங்காகிவிடும், பார்த்திருக்கிறேன். மழைக்காலம் தொடங்கினால் யூரியா மூட்டையைக் கட்டி வைத்துவிட்டு, புரட்டாசியிலேயே பொட்டாஷ் கொஞ்சம் கொடுத்துவிடுங்கள்.

ரசாயனம் வேண்டாம். டிரைக்கோடெர்மா, சூடோமோனாஸ் மாதிரி உயிர் மருந்து போதுமா?

நோய் வருவதற்கு முன்னால் என்றால் நல்ல யோசனை. கோவை வேளாண்மைப் பல்கலைக்கழகத்தில் கிடைக்கும், நல்ல உரக்கடைகளிலும் இருக்கும், காலாவதித் தேதி மட்டும் பார்த்து வாங்குங்கள், ஏனென்றால் அவை உயிருள்ளவை. டிரைக்கோடெர்மாவை நன்றாக மக்கிய தொழு உரத்தில் கலந்து, ஈரம் தெளித்து நிழலில் ஒரு வாரம் மூடி வைத்துப் பெருக்கி, சென்ட்டுக்கு 50 கிராம் கணக்கில் தூவுகிறேன். சூடோமோனாஸ் லிட்டருக்கு 10 கிராம் தெளிக்கலாம். இவற்றுக்கு நேரம் நேர்மாறு: சாயங்காலம், மண் ஈரமாக, வெயில் இறங்கின பிறகு. பூஞ்சாண மருந்தோடு கலக்கக்கூடாது, டிரைக்கோடெர்மாவும் ஒரு பூஞ்சாணம்தான், அதுவும் செத்துவிடும். இரண்டுக்கும் நடுவில் 15 நாள் விடுங்கள்.

வட்டம் விரிய ஆரம்பித்துவிட்டது என்றால் இவற்றை நம்பி உட்கார்ந்திருக்க வேண்டாம். புளித்த மோரும் அப்படித்தான், பரவிக்கொண்டிருக்கிற வட்டத்தை அது நிறுத்தி நான் பார்த்ததில்லை.

மழை விட்டதும் காளான் முளைக்கிறது, சாம்பல் பொடி படிகிறது. மருந்து அடிக்கணுமா?

வேண்டாம். காளான் அடியில் மக்குகிற மரத்தால் வருவது, பழைய தென்னை வேர், வீடு கட்டும்போது புதைந்துபோன சென்ட்ரிங் பலகைத் துண்டு. குழந்தைகள் வாயில் வைக்காமல் இருக்கப் பிடுங்கி எறியுங்கள், முடிந்தால் தோண்டி மரத்தை எடுத்துவிடுங்கள். சாம்பல் பொடி புல்லைத் தின்பதில்லை, மேலே ஏறி உட்கார்ந்திருக்கிறது, அவ்வளவுதான். ஓஸால் வேகமாகத் தண்ணீர் பீய்ச்சினால் போய்விடும்.

வெட்டின புல்லை மாட்டுக்குப் போடலாமா?

மருந்தடித்த லானில் வெட்டியதை மாட்டுக்கும் ஆட்டுக்கும் போடவே கூடாது. நம் பக்கம் பல வீடுகளில் புல் வெட்ட வருகிறவரே கட்டி எடுத்துக்கொண்டு போவார், அவரிடம் முன்னாடியே சொல்லிவிடுங்கள், சொல்லாமல் விடுவது பெரிய பாவம். அருகம்புல் சாறு குடிக்கிறவர்கள் லானில் இருந்து பறிக்காதீர்கள், பெர்முடா லான் அருகம்புல் இனம் என்பதால் சிலர் அப்படிப் பறிக்கிறார்கள். நோய் இருக்கும் வரை வெட்டின புல்லை லானிலேயே விடாமல் வாரி எடுத்து, நோய் பிடித்த பகுதியைக் கடைசியாக வெட்டி, கத்தியைக் கழுவித் துடைத்து வையுங்கள். ஈரப் புல்லில் மெஷின் ஓட்டினால் நீங்களே சக்கரத்தில் நோயை ஏற்றி லான் முழுக்கக் கொண்டுபோகிறீர்கள்.

மருந்தடித்து 10 நாள் ஆயிற்று, இன்னும் பச்சையாகவில்லையே?

காய்ந்த இலை எந்த மருந்துக்கும் திரும்பப் பச்சையாகாது. மருந்து செய்வது விரிவதை நிறுத்துவது மட்டும்தான். அதைக் கண்டுபிடிக்க, அடிக்கிற அன்றைக்கே வட்டத்தின் விளிம்பில் நாலு திசையிலும் ஈர்க்குச்சி குத்தி வையுங்கள். ஒரு வாரம் கழித்து குச்சிக்கு வெளியே புல் காயவில்லை என்றால் மருந்து கேட்டுவிட்டது, அடுத்த டேங்க் கலக்காதீர்கள். பெர்முடா ஓடிப்பிடித்து 3, 4 வாரத்தில் மூடிவிடும். கொரியன் மெதுவாகத்தான் வரும், மார்கழிக் குளிரில் இன்னும் மெதுவாக, இரண்டு மாதம்கூட ஆகலாம்.

வருசா வருசம் அதே இடத்தில் வருகிறதே?

பூஞ்சாணம் அந்த இடத்துச் சருகுப் படுகையிலேயே தூங்குகிறது. கத்தியால் ஒரு துண்டு புல்லை வெட்டி எடுத்துப் பக்கவாட்டில் பாருங்கள், பச்சைக்கும் மண்ணுக்கும் நடுவில் பஞ்சு மாதிரிப் பழுப்புப் படுகை அரை அங்குலத்துக்கு மேல் இருந்தால் அதுதான் வீடு. வெட்டாமல் விட்டுத் திட்டுத் திட்டாக எழும்பி நிற்கிற கொரியன் லானில் இது எப்போதும் இருக்கும். கோடை மழை ஒன்றிரண்டு பெய்து புல் வேகமெடுக்கிற வைகாசியில் அதை வாரி எடுத்து, கடப்பாரை முனையாலோ முள் கரண்டியாலோ துளை போட்டு, மணலும் சலித்த எருவும் கலந்து மேலாகத் தூவி விடுங்கள். மழைக்காலத்தில் இந்த வேலையைத் தொடக்கூடாது, காயத்தின் வழியாக நோய் ஏறும். அந்த இடத்தில் நிழல் தட்டுகிற கிளை இருந்தால் ஒன்றைக் கழியுங்கள், காத்து போகட்டும். தண்ணீர் தேங்குகிற பள்ளமாக இருந்தால் மண் போட்டு நிரவுங்கள். இவ்வளவும் செய்துவிட்டு, புரட்டாசிக் கடைசியில், பெரிய மழைக்கு முன்னால் கிடைக்கிற ஒரு தெளிந்த காலையில், லான் முழுக்க வேண்டாம், போன வருசம் வட்டம் வந்த இடத்துக்கும் அதைச் சுற்றி இரண்டடிக்கும் மட்டும் ஒரு தடவை அடித்து வையுங்கள்.